இழந்தவன் வேறு, பெற்றவன் வேறு

தோற்றவன் பாக்கியசாலி என்றொரு சித்தாந்தம் நம் கம்மாபுரம் வட்டாரத்தில் புதிதாக முளைத்திருக்கிறது. வட்டார இதழொன்றில் ஆறு பக்கம் நீளும் அந்தக் கட்டுரை, ஆயிரத்துத் தொள்ளாயிரம் ஆண்டுக்கு முந்தைய டேசியாவில் புறப்பட்டு, பாஞ்சாலங்குறிச்சியில் சற்று இளைப்பாறி, நெய்வேலிச் சுரங்கத்தின் விளிம்பில் வந்து நின்று நம்மைப் பார்த்துப் புன்னகைக்கிறது. எழுதியவர் படித்தவர், படித்தது முழுவதையும் சொன்னாரா என்பதுதான் கேள்வி. பரபக்கத்தைச் சிதைக்காமல் எடுத்துரைத்த பிறகே சுபக்கத்துக்கு வரவேண்டும் என்பது நம் வாத மரபு. வரலாற்றுக்கு அவர் காட்டாத அந்த மரியாதையை நான் அவருக்குக் காட்டிவிடுகிறேன்.

அவர் கட்சி இது. டேசியா என்பது டான்யூப் ஆற்றுக்கு வடக்கே கார்பாத்திய மலைகளில் பொன்னும் வெள்ளியும் உப்பும் விளைந்த நாடு, ஏறத்தாழ இன்றைய ருமேனியா. ரோமப் பேரரசன் டிராஜன் கி.பி. 101-102இலும் 105-106இலும் படையெடுத்து அதைப் பிடித்தான். பிடிபடும் தருணத்தில் அதன் அரசன் டெசிபாலஸ் தன் கழுத்தைத் தானே அறுத்துக்கொண்டான். இதிலிருந்து கட்டுரையாளர் கறக்கும் முடிவுகள் ஐந்து. உடன்படிக்கையை மீறிய டெசிபாலஸும் கிஸ்தி கட்டாத கட்டபொம்மனும் தம் தலையில் தாமே மண்ணை வாரிப் போட்டுக்கொண்டவர்கள். வெற்றிக்குப் பின் அமைதியும் சாலையும் சட்டமும் வந்தன. சுரங்கத்தில் வேலை கிடைத்தது. தோற்றவனின் பேரப்பிள்ளைகளே இன்று ரோமைக் கொண்டாடுகிறார்கள். ஆகவே, பழுப்பு நிலக்கரிக்கு நிலம் கொடுக்கச் சொன்னால் நம் விவசாயி மூக்கால் அழக் கூடாது. இந்த ஐந்தாவதுக்காகத்தான் முதல் நான்கும் தயாராயின என்பதைக் கண்டுபிடிக்கப் பெரிய புலமை வேண்டாம். ஆனாலும் வரிசைப்படியே போவோம்.

முதலில், உடன்படிக்கை. எந்த உடன்படிக்கை, ஐயா? கி.பி. 89இல் ரோமப் பேரரசன் டொமிஷியன் செய்துகொண்ட உடன்படிக்கைப்படி ஆண்டுதோறும் பணம் கொடுத்தது ரோம், வாங்கிக்கொண்டவன் டெசிபாலஸ். கூடவே கைதேர்ந்த வினைஞர்களையும் ரோம் அனுப்பிவைத்தது. டிராஜன் 101இல் ஏன் கிளம்பினான் என்பதற்கு ரோமானிய வரலாற்றாசிரியர் காசியஸ் டியோ சொல்லும் காரணங்களில், டேசியரின் பழைய செயல்களோடு, ஆண்டுக்காண்டு கொடுத்த அந்தப் பணம் உறுத்தியதும், டேசியரின் பலம் பெருகுவது பொறுக்காததும் வெளிப்படையாக நிற்கின்றன. கொடுக்க ஒப்புக்கொண்டதைக் கொடுக்க மனம் வராமல் படையோடு போனவனை விட்டுவிட்டு, வாங்கியவனை உடன்படிக்கை மீறியவன் என்பது எந்த ஊர் நியாயம்? 102இல் திணிக்கப்பட்ட இரண்டாவது உடன்படிக்கையை டெசிபாலஸ் மீறியது உண்மை. ஆயுதம் சேர்த்தான், கோட்டைகளைச் செப்பனிட்டான். கழுத்தில் கத்தியை வைத்துக் கையெழுத்து வாங்கிய பத்திரத்தை மீறுவது குற்றமென்றால், கட்டுரையாளர் கந்துவட்டிக்காரர்களின் சங்கத்துக்குச் சட்ட ஆலோசகராகப் போகலாம். அங்கே இந்தத் தர்க்கத்துக்கு நல்ல கிராக்கி உண்டு.

கட்டபொம்மன் கதையில் அவர் செய்திருப்பது இதைவிட மோசம். கிஸ்தி பாக்கி, கிஸ்தி பாக்கி என்று மூன்று இடத்தில் முழங்குகிறார். அந்தப் பாக்கி எவ்வளவு என்று ஓரிடத்திலும் சொல்லவில்லை. நான் சொல்கிறேன்: 1798 மே மாத இறுதியில் 3,310 வராகன். அதில் பெரும்பகுதியைக் கட்டி, 1,080 வராகன் மட்டுமே நின்ற நிலையில்தான் கலெக்டர் ஜாக்சன் பாளையக்காரரைக் குற்றாலம், ஸ்ரீவில்லிபுத்தூர் என்று தன் பின்னால் அலையவிட்டு, கடைசியில் 1798 செப்டம்பரில் இராமநாதபுரம் இராமலிங்க விலாசத்தில் பேட்டி கொடுத்தார். அங்கே கைகலப்பு மூண்டது. லெப்டினன்ட் கிளார்க் இறந்தார். கட்டபொம்மனின் அமைச்சர் சிவசுப்பிரமணிய பிள்ளை பிடிபட்டார். பிறகு என்ன நடந்தது? வில்லியம் பிரவுன், வில்லியம் ஓரம், ஜான் காசாமேஜர் மூவரையும் கொண்டு கிழக்கிந்தியக் கும்பினியின் சென்னை அரசே ஒரு விசாரணைக் குழு வைத்தது, குழு கட்டபொம்மன் மீது தவறில்லை என்றது, ஜாக்சன் பதவியிழந்தார், லூஷிங்டன் கலெக்டராக வந்தார். குற்றவாளியைக் குற்றமற்றவன் என்று விடுவித்தது கும்பினியின் சொந்தக் குழு. கும்பினியே விடுவித்தவனைக் கும்பினியின் வக்கீலாக நின்று இருநூற்றுச் சொச்சம் ஆண்டு கழித்து மறுபடி கூண்டில் ஏற்றுகிறாரே இவர், இது ராஜவிசுவாசமா, அரைகுறைப் படிப்பா? இரண்டுமாக இருக்கத் தடையில்லை.

கட்டபொம்மன் கொள்ளைக்காரன் என்று எழுத்தாளர் தமிழ்வாணன் புத்தகமே போட்டிருக்கிறார் என்று ஒரு அடிக்குறிப்பு வேறு. போட்டார், அதை மறுக்கவும் ஆளிருந்தது. பாளையக்காரர்கள் பால் குடித்து வளர்ந்த பச்சைக் குழந்தைகள் என்று நான் வாதாடப்போவதில்லை. காவல் வரி என்று குடிகளைக் கசக்கியவர்கள் அவர்களில் உண்டு. டெசிபாலஸ் மட்டும் என்ன? சர்கெதியா ஆற்றைத் திருப்பி, படுகையில் புதையலைப் புதைத்து, அந்த வேலை செய்த போர்க்கைதிகளைச் சாட்சியில்லாமல் கொன்றவன் அவன் என்று டியோவே எழுதுகிறார். தோற்றவன் நல்லவனா என்பதா இங்கே கேள்வி? வீட்டுக்காரன் கெட்டவன் என்று நிரூபித்துவிட்டால் பூட்டை உடைத்தவன் தர்மகர்த்தா ஆகிவிடுவானா?

இரண்டாவது, அமைதி. அமைதி எப்படி வந்தது என்பதைப் பார்க்கலாம். டெசிபாலஸின் தலையை ரோமுக்குக் கொண்டுபோய்ப் படிக்கட்டில் எறிந்தார்கள். வெற்றிக்கு டிராஜன் 123 நாள் கொண்டாட்டம் நடத்தினான். பதினோராயிரம் விலங்குகள் கொல்லப்பட்டன, பத்தாயிரம் பேர் வாட்போர்க் களத்தில் மோதினார்கள் என்று டியோ கணக்குத் தருகிறார். கட்டுரையாளர் மெய்மறந்து வர்ணிக்கும் டிராஜன் மன்றம் போர்க்கொள்ளையில் எழுந்தது. 113இல் அங்கே நிறுத்திய வெற்றித் தூணில் டேசியரின் வீடுகளுக்குத் தீ வைக்கும் சிப்பாய்களையும், மூட்டை முடிச்சோடு பெயரும் குடும்பங்களையும் ரோமச் சிற்பிகளே கல்லில் செதுக்கிவைத்திருக்கிறார்கள். வென்றவன் கூச்சப்படாமல் காட்டியதை, வென்றவனின் ரசிகர் கூச்சப்பட்டு மறைக்கிறார். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்தவர்களைக் கேள்விப்பட்டிருக்கிறேன். நூறு ரோம அடித் தூணை ஆறு பக்கத்தில் மறைத்தவர் இவர் ஒருவர்தான்.

தெற்கே வந்தால் இதே அமைதி. 1799 செப்டம்பரில் சிவசுப்பிரமணிய பிள்ளையை நாகலாபுரத்தில் தூக்கிலிட்டு, தலையைப் பாஞ்சாலங்குறிச்சியில் கம்பத்தில் குத்திவைத்தார்கள். அக்டோபர் 16இல் கட்டபொம்மனைக் கயத்தாற்றில் தூக்கிலிட்டார்கள், மற்ற பாளையக்காரர்களைக் கூட்டி நிறுத்திப் பார்க்கவைத்து. அவன் தம்பி ஊமைத்துரை பாளையங்கோட்டைச் சிறையிலிருந்து தப்பிவந்து எழுப்பிய கோட்டையை 1801இல் மறுபடி தகர்த்தபோது, தகர்த்ததோடு நிற்கவில்லை. கோட்டை நின்ற மண்ணை உழுதார்கள், ஆமணக்கு விதைத்தார்கள், ஊரின் பெயரையே கணக்கேடுகளிலிருந்து நீக்கினார்கள். அதே ஆண்டு அக்டோபரில் சிவகங்கையின் மருது சகோதரர்களைத் திருப்பத்தூரில் தூக்கிலிட்டு, 1802இல் சின்ன மருதுவின் மகன் துரைசாமி உள்ளிட்ட எழுபதுக்கும் மேற்பட்டோரைப் பினாங்குக்குக் கப்பலேற்றினார்கள். ஆமணக்குச் செடி சண்டை போடாது என்பது உண்மைதான். அந்த வயலில் நிலவிய அமைதியை நாகரிகம் என்று எழுத ஒரு தனித் துணிச்சல் வேண்டும். கட்டுரையாளரிடம் அது தாராளமாக இருக்கிறது.

மூன்றாவது, வேலை. என் நண்பர்கள் சிலரையும் மயக்கிய வாதம் இது; ஆகவே கொஞ்சம் நின்று பார்க்க வேண்டியிருக்கிறது. ரோமர் வந்ததால் பொன் சுரங்கம் பெருகியது, டேசியருக்குப் பிழைப்புக் கிடைத்தது என்கிறார். சுரங்கம் பெருகியது, சரி. பிழைப்பு யாருக்கு? இதற்குச் சாட்சி கைமேல் இருக்கிறது. இன்று ரோஷியா மொன்டானா என்றும் அன்று அல்புர்னஸ் மயோர் என்றும் பெயர் பெற்ற சுரங்க ஊரில், மெழுகு பூசிய மரப்பலகைகளில் எழுதிய பத்திரங்கள் சுரங்கப் பொந்துகளுக்குள் கிடைத்தன. 131க்கும் 167க்கும் இடைப்பட்டவை. அவற்றில் ஒன்று 164இல் எழுதிய கூலி ஒப்பந்தம். அஸ்கிளேபியஸின் மகன் மெம்மியஸ், தனக்கு எழுத்துத் தெரியாது என்று இன்னொருவனைக் கொண்டு எழுதவைத்து, மே மாதத்திலிருந்து நவம்பர் நடுவரை சாப்பாட்டோடு 70 தினாரி கூலிக்குத் தன் உழைப்பைச் சுரங்கத்துக்குக் கொடுக்கிறான். முதலாளியின் விருப்பத்துக்கு மாறாக நின்றுகொண்டால் நாளுக்கு ஐந்து செஸ்டர்ஸ் அபராதம். சுரங்கத்தில் வெள்ளம் புகுந்து வேலை நின்றால் அந்த நாள்களுக்குக் கூலியில் கழிவு. நெய்வேலியில் ஒப்பந்தத் தொழிலாளியாக வேலை பார்த்த யாரிடமாவது இதை வாசித்துக் காட்டுங்கள்; முதல் வரியிலேயே அடையாளம் கண்டுகொள்வார்.

இன்னொரு பலகை 139ஆம் ஆண்டைச் சேர்ந்தது. பாஸியா என்ற, ஏறத்தாழ ஆறு வயதுச் சிறுமியை 205 தினாரிக்கு வாங்கியதற்கான கிரயப் பத்திரம். ஒரு சுரங்கத் தொழிலாளியின் ஆறு மாத வியர்வையைப்போல மூன்று மடங்கு விலை ஒரு குழந்தைக்கு. வாங்கியவன் பாத்தோவின் மகன் மாக்சிமஸ், விற்றவன் வெர்ஸோவின் மகன் தாசியஸ். பாத்தோ, தாசியஸ், வெர்ஸோ மூன்றும் அட்ரியாட்டிக் கடற்கரைப் பக்கத்து இல்லிரியப் பெயர்கள். சுரங்கம் தெரிந்தவர்களை அங்கிருந்து கொண்டுவந்து குடியேற்றியது ரோம். பலகைகளில் இல்லிரியன் வருகிறான், கிரேக்கன் வருகிறான், ரோமக் குடிமகன் வருகிறான். மண்ணுக்குச் சொந்தக்காரனான டேசியன் பெயரைத்தான் விளக்கு வைத்துத் தேட வேண்டியிருக்கிறது. அவன் எங்கே போனான்? நான்காம் நூற்றாண்டின் ரோம வரலாற்றாசிரியர் யூட்ரோபியஸ் பதில் சொல்கிறார்: டெசிபாலஸின் நீண்ட போரில் டேசியாவில் ஆண்கள் அற்றுப்போனதால், ரோம உலகம் முழுவதிலுமிருந்து டிராஜன் ஆட்களைக் கொண்டுவந்து குடியேற்றினான் என்று. அந்த வாக்கியத்தில் மிகைப்படுத்தல் இருக்கலாம். ஆனால் அது டேசியனின் ஒப்பாரி அல்ல, ரோமனின் பெருமைப் பேச்சு. கட்டுரையாளரின் முழு வாதத்தையும் சாய்க்க அந்த ஒரு பெருமைப் பேச்சு போதும்.

ஏனென்றால், 'டேசியருக்கு நன்மை' என்ற தொடரில் முதலில் வரும் டேசியரும் கடைசியில் வரும் டேசியரும் ஒரே ஆட்கள் இல்லை. பறிகொடுத்தவன் மலைக்கோட்டை சர்மிசெகெதூசாவில் செத்தான், அல்லது அடிமைச் சந்தைக்குப் போனான், அல்லது வடக்கே ஓடினான். பெற்றுக்கொண்டவன் பால்கனிலிருந்தும் சிரியாவிலிருந்தும் வந்தவன். இருவருக்கும் ஒரே பெயரைச் சூட்டி, ஒருவன் கணக்கில் இழப்பையும் மற்றவன் கணக்கில் லாபத்தையும் எழுதி, இரண்டையும் ஒரே ஏட்டில் கூட்டிக் கழித்துப் பார்த்தால் லாபம்தான் வரும். மணிமேகலையின் தவத்திறம் பூண்டு தருமம் கேட்ட காதையில் அறவண அடிகள் ஏதுப்போலி, திட்டாந்தப்போலி என்று வகைவகையாகப் பொய்த் தர்க்கங்களைப் பட்டியலிடுகிறார். கட்டுரையாளர் அந்தப் பட்டியலை எச்சரிக்கையாகப் படிக்காமல் செய்முறை விளக்கமாகப் படித்துவிட்டார் போலும்.

நான்காவது, பேரப்பிள்ளைகளின் பெருமை. ருமேனியர் பேசுவது இலத்தீன் வழி வந்த மொழி, அதில் அவர்களுக்குப் பெருமை உண்டு, மறுக்கவில்லை. ரோம் அந்த நாட்டைச் சுமார் 165 ஆண்டு வைத்திருந்துவிட்டு, 270களில் பேரரசன் ஆரேலியன் காலத்தில் காப்பாற்ற முடியாமல் கைகழுவிப் போனது. அதற்குள் டேசிய மொழி என்ன ஆயிற்று? பழைய மூலிகை நூல்களில் ஒட்டிக்கொண்டிருக்கும் சில டஜன் செடிப் பெயர்களும், ஆள், ஊர்ப் பெயர்களும்தான் ஏறக்குறைய எஞ்சியவை. தன் மொழியை இழந்த தாத்தா சார்பில் பேரன் நன்றி சொல்லலாம் என்றால், தாத்தாவிடம் கேட்டாயிற்றா?

அதுவும் போகட்டும், பேரன் உண்மையில் யாரைக் கொண்டாடுகிறான்? டான்யூப் கரையில் ஓர்சோவா அருகே, 1994இல் தொடங்கிப் பத்தாண்டு மலையைச் செதுக்கி, நாற்பது மீட்டருக்கு மேல் உயரமான ஒரு முகத்தை உருவாக்கியிருக்கிறார்கள். டிராஜன் முகமா அது? டெசிபாலஸ் முகம். அதே ரோஷியா மொன்டானாவில் ஒரு கனடிய நிறுவனம் மலைகளைத் தகர்த்துப் பொன் எடுக்கத் திட்டமிட்டபோது, 2013இல் புக்கரெஸ்ட் தெருக்களில் வாரக்கணக்கில் மக்கள் திரண்டார்கள், நாடாளுமன்றம் பின்வாங்கியது, 2021இல் அந்த ஊர் யுனெஸ்கோ உலக மரபுச் சின்னமானது. 'வேலை கிடைக்கும், நாடு வளரும்' என்ற இதே பல்லவி அங்கேயும் பாடப்பட்டது. ருமேனியரைச் சாட்சிக்கு அழைத்த கட்டுரையாளர், சாட்சி கூண்டேறி என்ன சொல்வார் என்று ஒரு தடவை விசாரித்திருக்கலாம்.

இனி ஐந்தாவது, எலி எதற்கு அம்மணமாக ஓடுகிறது என்பது தெரியும் இடம். 1930களில் ஜம்புலிங்க முதலியார் தம் நிலத்தில் கிணறு தோண்டியபோது கரிய பொருள் வெளிப்பட்டதையும், அவர் நூற்றுக்கணக்கான ஏக்கரைத் தானமாகவே கொடுத்ததையும் நெகிழ்ந்து எழுதுகிறார் கட்டுரையாளர். நானும் நெகிழ்கிறேன். 1956இல் நெய்வேலி பழுப்பு நிலக்கரி நிறுவனம் பிறந்தது, 1957இல் நேரு வந்து சுரங்கப் பணியைத் தொடங்கிவைத்தார், தென் மாநிலங்களுக்கெல்லாம் மின்சாரம் போனது; எல்லாம் சரி. ஒருவர் தானம் கொடுத்தார் என்பதைக் கொண்டு மற்றவனிடம் பிடுங்கலாம் என்று எந்தச் சாஸ்திரம் சொல்கிறது? தானமும் நில எடுப்பும் ஒன்றென்றால் காணிக்கையும் களவும் ஒன்றுதான்.

சுரங்கம் எப்படி வேலை செய்கிறது என்பது இங்கே சின்னப் பிள்ளைக்கும் தெரியும். பழுப்பு நிலக்கரிப் படுகைக்கு அடியில் அழுத்தத்தோடு நிற்கும் ஊற்றுநீரை இரவும் பகலும் இறைத்துக்கொண்டே இருந்தால்தான் சுரங்கம் சுரங்கமாக இருக்கும். ஆக, நிலத்தைக் கொடுத்தவன் மட்டுமல்ல, கொடுக்காமல் பக்கத்தில் உட்கார்ந்திருப்பவனும் தன் போர்வெல்லின் ஆழத்தைக் கூட்டிக்கொண்டே போகிறான். விளக்கு எரிவது பெங்களூரிலும் கொச்சியிலும். தண்ணீர் இறங்குவது இங்கே. இழந்தவன் வேறு, பெற்றவன் வேறு என்பதற்கு டேசியாவரை போக வேண்டிய தேவையே இல்லை. கம்மாபுரம் பேருந்து நிறுத்தத்தில் நின்று யாரையாவது விசாரித்தால் போதும்.

2023 ஜூலையில் வளையமாதேவியில் கதிர் பிடிக்கும் நெற்பயிருக்குள் மண் அள்ளும் இயந்திரங்கள் இறங்கின, சுரங்கத்துக்காகப் பரவனாற்றைத் திருப்பும் வாய்க்கால் வெட்ட. அந்த நிலத்தைப் பல ஆண்டு முன்பே கையகப்படுத்திவிட்டோம், எச்சரித்த பிறகும் பயிரிட்டார்கள் என்றது நிறுவனம். சட்டப்படி அது ஒரு வாதம். நீதிமன்றமும் அதைக் காதில் வாங்கிக்கொண்டது. ஆனால் அறுவடைவரை இரண்டு மாதம் பொறுக்க முடியாதா என்று உயர் நீதிமன்றமே வேதனையோடு கேட்டது. பயிருக்கு ஏக்கருக்கு 40,000 ரூபாய் இழப்பீடு தரச் சொன்னது. வரலாற்றின் தவிர்க்க முடியாத போக்கு என்று கட்டுரையாளர் எழுதுவது இதைத்தான். இரண்டு மாதம் தவிர்க்க முடியாத போக்கு! ரோமப் பேரரசே குளிர்காலத்தில் போரை நிறுத்திவைத்துப் பனி விலகும்வரை காத்திருந்தது. நம் வரலாற்றுப் போக்குக்கு ஒரு போகம் முற்றும்வரை பொறுமையில்லை.

கடைசியாக ஒரு முரண்பாடு. அதை விட்டுவிட்டால் அவருக்கே வருத்தமாக இருக்கும். இதே கட்டுரையாளர், இதே கட்டுரையில், இங்கிருந்து கூப்பிடு தூரத்தில் இருக்கும் கங்கைகொண்ட சோழபுரத்தை நினைத்து மீசையை முறுக்குகிறார். இராசேந்திரன் 1025 வாக்கில் கடாரம் கொண்டது தமிழனின் வீரம். டிராஜன் டேசியா கொண்டது நாகரிகம். கும்பினி பாஞ்சாலங்குறிச்சி கொண்டது சட்டம் ஒழுங்கு. நெய்வேலிச் சுரங்கம் ஊர் கொண்டது வளர்ச்சி. படையெடுத்தவன் தமிழனா, ரோமனா, வெள்ளைக்காரனா, பொதுத்துறையா என்ற பேதமே அவருக்கில்லை; அந்த அளவில் அவர் சமரச சன்மார்க்கி. முரண்பாடு என்று முதலில் நினைத்தேன். திரும்பப் படித்தால் அசைக்க முடியாத ஒரே கொள்கை தெரிகிறது: ஜெயித்தவன் யாரோ, அவன் கட்சி. கொள்கை என்றால் இப்படி இருக்க வேண்டும். தேர்தலுக்குத் தேர்தல் மாறும் நம் தலைவர்கள் பாடம் கற்கலாம்.

சுரங்கம் வேண்டாமென்று சொல்கிறேனா? மின்சாரத்தை எரித்துக்கொண்டுதான் இதை எழுதுகிறேன். நிலம் எடுப்பதை நிலம் எடுப்பது என்று சொல்லுங்கள். அதற்கான விலையை, வேலையை, வீட்டை, தண்ணீரை எழுத்தில் கொடுத்துவிட்டு எடுங்கள். அது பேரம், பேரத்தில் மானக்கேடில்லை. எடுத்துக்கொண்டு, அது எடுக்கப்பட்டவனுக்கே வரம் என்று வரலாற்றை வைத்துப் பாடம் நடத்துவதுதான் பொறுக்கவில்லை. கட்டுரையாளர் மறுப்பு எழுதுவார், எழுதட்டும். ஒரே நிபந்தனை: பக்கத்தை நடுவில் கோடு போட்டுப் பிரித்து, இடப்பக்கம் இழந்தவர்களின் பெயரையும் வலப்பக்கம் பெற்றவர்களின் பெயரையும் எழுதட்டும், கும்பினியானாலும் கம்மாபுரமானாலும். இரண்டு பக்கத்திலும் வரும் ஒரு பத்துப் பெயரை அவர் காட்டிவிட்டால், அவர் கட்சியில் சேர முதல் சந்தாவை நானே கட்டுகிறேன்.